கேட்டு வாங்கியவர்

பத்திரிகையில் சேர்ந்த புதிதில் நான் அதிகமாக எழுதிய சொற்றொடர் ‘அடக்கமே உருவானவர்’ என்பதுதான். புதுச்சேரி நகரத்தில் எங்கள் வாரப் பத்திரிகைக்குச் சின்னதாக ஓர் அச்சுக்கூடம். முதல் பக்கம் உலகச் செய்தி, கடைசிப் பக்கம் விளம்பரம், நடுவில் இருப்பதெல்லாம் கொம்யூன்கள் என்னும் கிராமப் பஞ்சாயத்துகளின் செய்தி. ஒரு நிலக்காரர் பள்ளிக்கூடத்துக்கு மணி வாங்கிக் கொடுத்தாலும், மகளுக்குக் கல்யாணம் செய்தாலும், இறந்துபோனாலும் இந்தத் தொடர் அவருக்குப் போய்ச் சேரும். அச்சுக் கோப்பவர் மற்ற வரிகளைக் கலைத்து எழுத்துகளைப் பெட்டியில் பிரித்துப் போடுவார். இதை மட்டும் கலைக்க மாட்டார். கோத்தது கோத்தபடி ஓரமாக எடுத்து வைத்திருப்பார். நான் எழுதிய தாளைக் கையில் வாங்கியதுமே, “அடக்கம் வேணுமா?” என்று கேட்பார். நான் தலையாட்டினால் ஈய எழுத்துகள் அப்படியே வந்து பத்தியில் உட்காரும்.

அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று அப்போது யாராவது கேட்டிருந்தால் தயங்காமல் பதில் சொல்லியிருப்பேன்: தன்னைப் பெரிதாகச் சொல்லிக்கொள்ளாத குணம். பாகூர்ப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரில் ஏரிச் சங்கத்துக்குத் தலைவர் போட்ட பிறகு அந்தப் பதில் எனக்குப் போதவில்லை. அது 1930களின் தொடக்கம், பிரெஞ்சுக்காரர் ஆட்சி. நான் செய்தி சேகரிக்கப் போனேன். போட்டியில் இருந்தவர்களில் ஒருவர் என் தாய்மாமா. போட்டி என்பது நான் இப்போது போடும் சொல். அன்றைக்கு ஊரில் ஒருவர் வாயிலும் அது வந்திருக்காது.

ஏரியின் மதகை எப்போது திறப்பது, எந்த வயலுக்கு முதலில் தண்ணீர் விடுவது என்பதெல்லாம் சங்கத் தலைவர் சொல்வதுதான். ஏரிக்கரையை ஒட்டிய நிலங்களுக்குத் தலைமடை என்று பெயர். வாய்க்கால் போய் முடிகிற இடத்து நிலங்கள் கடைமடை. பழைய தலைவர் தலைமடைக்காரர். அவர் காலம் முழுவதும் தண்ணீர் மேலே தொடங்கிக் கீழே வந்தது. மழை நன்றாகப் பெய்தால் கடைசி வரப்பு வரைக்கும் வந்துவிடும். மழை குறைந்தால் பாதி வழியில் நின்றுவிடும். அவர் காலமானதும் அந்த இடம் காலியாயிற்று.

மாமாவின் நிலம் முழுவதும் கடைமடையில் இருந்தது. இரண்டு போகம் நெல் கதிர் விடும் முன்பே காய்ந்துபோயிருந்தது. மூன்றாவதும் போனால் நிலத்தில் பாதியை விற்பதைத் தவிர வேறு வழியில்லை. இதை எனக்குச் சொன்னவள் அத்தை. மாமா சொல்லவில்லை. அவர் பக்கத்தில் உட்கார்ந்து கயிறு திரித்துக்கொண்டிருந்தார்.

“உங்க மாமா வாயத் தொறக்க மாட்டாரு மாப்ள,” என்றாள் அத்தை. “அந்தத் தலைவர் வேல இவருக்குக் கெடச்சா போதும். ஒரு வருசம் மேலருந்து தண்ணி வுடு, ஒரு வருசம் கீழருந்து வுடு. இதுல இன்னா அநியாயம்?”

“ஊர்ல சொன்னா செய்யறது,” என்றார் மாமா.

“ஊரு எப்பிடிச் சொல்லும்? உங்களுக்கு வேணும்னு ஊருக்கு யாரு சொன்னாங்க?”

“தெரியும்.”

மாமா சொன்னது சரிதான். எல்லோருக்கும் தெரியும். எங்கள் பக்கத்தில் எந்தப் பொறுப்பும் ஒரு தடவை கேட்டு ஒருவர் கைக்குப் போனதில்லை. முதலில் யாராவது ஒருவர் உங்களைச் சொல்வார். நீங்கள் எழுந்து, தோளில் இருக்கும் துண்டை எடுத்துக் கையில் போட்டுக்கொண்டு, “எனக்கு எதுக்குங்க, பெரியவங்க எத்தினியோ பேரு இருக்காங்க,” என்பீர்கள். பிறகு நாலு பேர் சேர்ந்து கேட்பார்கள். “எனக்கு இன்னாங்க தெரியும்?” என்று தரையைப் பார்ப்பீர்கள். மூன்றாவது தடவை கேட்பவர் கொஞ்சம் கோபமாகவே கேட்பார், கையைப் பிடித்து இழுக்கவும் செய்வார். அப்போது, “ஊரு சொன்னா சரி,” என்று ஒத்துக்கொள்ள வேண்டும். முதல் தடவையே சரி என்றவன் பதவிக்கு அலைகிறவன். மூன்றாவதுக்கும் மாட்டேன் என்றால் அவனுக்கு நிஜமாகவே வேண்டாம். இந்தக் கணக்கு யாரும் யாருக்கும் கற்றுக்கொடுத்தது இல்லை. கோயில் திருவிழாவுக்கும் இதுதான், வழக்கு பேசி முடிக்கவும் இதுதான். இதையெல்லாம் சேர்த்துத்தான் ஊரில் அடக்கம் என்றார்கள்.

அந்தத் தடவை மதகைச் சர்க்கார் செலவில் பழுது பார்த்திருந்ததால், தலைவரைச் சர்க்கார் அதிகாரி முன்னால்தான் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. கொம்யூன் ஆபீசுக்கு எங்கள் ஊரில் மேரி என்று பெயர். அதன் கூடத்தில் நிலக்காரர்கள் எல்லோரும் கூடினார்கள். பிரான்சிலிருந்து புதிதாக வந்திருந்த எஞ்சினியர் துரை தொப்பியை மேசைமேல் கவிழ்த்து வைத்துவிட்டு உட்கார்ந்தார். பக்கத்தில் மொழிபெயர்க்கத் துபாசி. நகரத்துத் தமிழர், கறுப்புக் கோட்டு, கஞ்சி போட்ட வேட்டி. நான் சுவரோரம் பென்சிலும் காகிதமுமாக நின்றேன். பிரெஞ்சு எனக்கும் தெரியும்.

துரை கேட்டதைத் துபாசி தமிழில் சொன்னார்: “சங்கத் தலைவரா இருக்க யாருக்கு விருப்பம்னு துரை கேக்கறாரு.”

யாருக்கு விருப்பம் என்று அங்கே கேட்டால் யார் எழுந்திருப்பார்? கொஞ்ச நேரம் கழித்து கடைமடைக்காரர் ஒருவர், “எங்க ஆளு இருக்காரே,” என்று மாமாவைக் காட்டினார்.

மாமா எழுந்தார். துண்டு கைக்கு வந்தது. “எனக்கு எதுக்குங்க அவ்ளோ பெரிய பொறுப்பு? பெரியவங்க எத்தினியோ பேரு இருக்காங்க.”

நான் பார்த்த வரையில் அதைவிட நன்றாக யாரும் சொன்னதில்லை. குரலில் எடுப்பு இல்லை, அவசரம் இல்லை. இரண்டாவது தடவை கேட்க நாலைந்து பேர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு தயாராகவே இருந்தார்கள். அதற்குள் துபாசி பிரெஞ்சில் சொல்லிவிட்டார்: இவர் இந்தப் பொறுப்பை விரும்பவில்லை, தம்மைவிடத் தகுதியானவர்கள் இருப்பதாகச் சொல்கிறார்.

“பியேன்,” என்றார் துரை. நல்லது என்று அர்த்தம். காகிதத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டார். “அடுத்தவர்?”

தலைமடையில் பெரிய நிலக்காரர் ஒருவர் இருந்தார். அவரும் இந்தப் பதவியை நினைத்துத்தான் வந்திருந்தார். சட்டைகூடப் புதிது. அவருடைய ஆட்கள் அவரைச் சொன்னார்கள். மாமா அவ்வளவு பணிவாக மறுத்த பிறகு அவர் மட்டும் பணிவைக் குறைத்துக்கொள்ள முடியுமா? “ஐயையோ, எனக்கு ஏதுங்க அந்த யோக்கியத? என் வயலப் பாக்கவே எனக்குத் தெரியல,” என்றார்.

துபாசி சொன்னார். துரை கோடு போட்டார்.

மூன்றாவதாக ஒருவரைச் சொன்னார்கள். அவருக்கு அந்தப் பதவி நிஜமாகவே வேண்டாம். இரண்டு பெரிய மனிதர்கள் மறுத்ததை அவர் ஏற்றுக்கொண்டால் மரியாதையாக இருக்குமா என்று அவரும் கையெடுத்துக் கும்பிட்டார். மூன்றாவது கோடு.

துரை கோபப்படவில்லை. அவருக்கு ஆச்சரியமாகக்கூட இல்லை. அடுத்த வாரம் மறுபடியும் வருவதாகச் சொன்னார். அப்போதும் யாரும் இல்லையென்றால், மதகுச் சாவியை நகரத்திலிருந்து வரும் ஒரு மேஸ்திரியிடம் கொடுத்துவிடுவார்கள். துபாசி அதைத் தமிழில் சொல்லி முடிப்பதற்குள் துரை தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு எழுந்துவிட்டார்.

கூடத்தில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

“இன்னாபா, கெளம்பிட்டாரு?”

“ரெண்டாவது தபா கேக்கவே இல்லியே!”

“அவங்க ஊர்ல அப்பிடித்தான் போல. விருந்துக்குக் கூப்ட்டு, சோறு வேணுமான்னு ஒரு தபா கேட்டுட்டு எலய எடுத்துடுவான் போலக்குது.”

வெளியே துரையின் மோட்டார் வண்டியை டிரைவர் முறுக்கிக்கொண்டிருந்தான். துபாசி மரத்தடியில் நின்று பொடி போட்டார். நான் அவரிடம் போனேன்.

“நீங்க சொன்னது சரியில்லீங்க,” என்றேன். “அவங்க வேணாம்னு சொல்லல.”

அவர் மூக்கைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். “எந்த வார்த்த தப்பு, சொல்லுங்க.”

ஒரு வார்த்தையும் தப்பில்லை. அதைச் சொன்னேன்.

“எனக்கும் இதே மாதிரி ஒரு கிராமந்தான் தம்பி. எங்கப்பாரு சாவற வரைக்கும் எதையும் வேணும்னு கேட்டதில்ல. அவரு மனசுல இருந்தது எனக்குத் தெரியும். இங்க இருக்கறவங்க மனசும் தெரியும். ஆனா மனச மொழிபெயர்க்க எனக்கு உத்தரவு இல்ல. வாயத்தான் மொழிபெயர்க்கச் சொல்லி இருக்காங்க.” வண்டி கிளம்பும் சத்தம் கேட்டது. அவர் கோட்டைத் தட்டிவிட்டுக்கொண்டார். “முன்னாடி வேற ஊர்ல ஒரு தடவ துரைகிட்ட சொல்லிப் பாத்தேன், இது மொதெஸ்தி, எங்க ஜனங்களோட அடக்கம்னு. அதுக்கு அவரு இன்னா சொன்னாரு தெரியுமா? ‘அடக்கம்னா, கொஞ்சம் தெரியும்னு சொல்றது. இவங்க முடியாதுன்னு சொல்றாங்க. அது பதில்’னாரு.”

நான் நகரத்துக்குத் திரும்பிச் செய்தியை எழுதினேன்: ஏரிச் சங்கத் தலைவர் பொறுப்பை ஏற்க எவரும் முன்வரவில்லை, நகரத்திலிருந்து மேஸ்திரி ஒருவர் நியமிக்கப்படக்கூடும். தாளை வாங்கிய அச்சுக் கோப்பவர் வழக்கமான கேள்வியைக் கேட்டார். வேண்டாம் என்றேன். கூடத்தில் நடந்தது முழுவதும் அதுதான், ஆனால் செய்தியில் அதற்கு இடமில்லை.

பத்திரிகை வெளிவந்த அன்றைக்கு நான் சைக்கிளில் ஊருக்குப் போனேன். நகரத்திலிருந்து எங்கள் ஊருக்குப் போக நடுவில் இங்கிலீஷ்காரன் எல்லையைத் தாண்ட வேண்டும். சுங்கச் சாவடியில் சைக்கிள் பையை அவிழ்த்துக் காட்டிவிட்டுப் போய்ச் சேர்வதற்குள் பத்திரிகை எனக்கு முன்னால் வந்திருந்தது. காப்பிக் கடையில் ஒருவர் சத்தம் போட்டுப் படித்துக்கொண்டிருந்தார். பத்துப் பேர் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள்.

“எவரும் முன்வரலியாம்! எவன்யா எழுதுனது?”

“அதோ சைக்கிள்ல வராரு பாரு, அவருதான்.”

“வாங்க சாமி. ஒங்க மாமன் வேணாம்னா சொன்னாரு?”

“எனக்கு எதுக்குன்னு சொன்னாரு. சொன்னதத்தான எழுத முடியும்?”

“அது சொல்றதுபா!” என்றார் கடைக்காரர், பால் ஆற்றுவதை நிறுத்திவிட்டு. “வூட்டுக்கு வந்தவங்க, காப்பி வேணாம்னு சொல்றாங்க. கொடுக்காம அனுப்பிடறமா?”

“வாயில வர்றத எழுதறதுக்கு நீ எதுக்குபா? ஒரு கிளி போதாது?”

கடை முழுவதும் சிரித்தது. நானும் சிரித்தேன். கேள்வி நல்ல கேள்விதான். ஆனால் எனக்குச் சந்தேகம் இல்லை. ஒருவர் சொன்னது ஒன்று, அவர் நினைத்தது இன்னொன்று என்றால், பத்திரிகைக்காரன் சொன்னதை எழுதவேண்டும். நினைத்ததை எழுத ஆரம்பித்தால் அதற்கு முடிவே இல்லை. இதைச் சொன்னேன். யாரும் ஒத்துக்கொள்ளவில்லை.

கடையிலேயே ஒரு யோசனை உருவாயிற்று. துபாசி வேகமாகச் சொல்லிவிடுவதால்தானே இந்தத் தொல்லை? அடுத்த தடவை மாமா “எனக்கு எதுக்குங்க” என்றதும், துபாசி வாயைத் திறப்பதற்குள், இரண்டாவது தடவையும் மூன்றாவது தடவையும் மடமடவென்று கேட்டு முடித்துவிடவேண்டும். யார் எதைக் கேட்பது என்று அங்கேயே பிரித்துக்கொண்டார்கள். கையைப் பிடித்து இழுக்க ஓர் ஆளைக்கூட ஏற்பாடு செய்தார்கள்.

மாமா வீட்டில் வேறு யோசனை நடந்தது. நான் உள்ளே நுழைந்தபோது அத்தை தலையில் முறத்தைக் கவிழ்த்துக்கொண்டு முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். கையில் ஒரு கரித்துண்டு. மாமா எதிரே நின்றார்.

“வா மாப்ள, நீ துபாசி,” என்றாள். “நாந்தான் துரை. முசியே, ஒமக்கு இந்த வேல வேணுமா?”

“எல்லாரும் பிரியப்பட்டு...” என்று தொடங்கினார் மாமா.

“போட்டேன் கோடு!” தரையில் கரியால் ஒரு கோடு இழுத்தாள். ஏற்கெனவே அங்கே நாலைந்து கோடு இருந்தது. “அடுத்த ஆளு!”

“இந்தா, வெளயாட்டு போதும். யாராச்சும் பாக்கப் போறாங்க.”

“பாக்கட்டும். சொல்லுங்க.”

“ஊரு சொன்னா...”

“ஊரு எங்க இருக்குது? இங்க துரைதான் இருக்கறாரு. போட்டேன் கோடு!”

மாமாவுக்கு வியர்த்திருந்தது. கொளுத்தும் வெயிலில் நாள் முழுவதும் வரப்பில் அண்டை வெட்டும்போதுகூட அவருக்கு அப்படி வியர்த்து நான் பார்த்ததில்லை. பார்த்துக்கொண்டிருக்கையில் எனக்கு ஒன்று தெளிவாயிற்று. நாங்கள் அடக்கம் என்று ஒரே பெயரில் கூப்பிட்டதற்குள் பல சரக்கு இருந்தது. எதிரே இருக்கிறவரை மதித்துக் குரலைத் தாழ்த்துவது பணிவு. அது மாமாவிடம் எப்போதும் உண்டு. அன்றைக்கு அவர் உடம்பில் நான் பார்த்தது கூச்சம். கூச்சத்தில் மனிதன் எதையும் அடக்கிக்கொள்வதில்லை, அதுதான் அவனை அடக்கி வைத்திருக்கிறது. இது போக மூன்றாவதாகவும் ஒன்று இருந்தது. மூன்று தடவை மறுக்கிறவர் தம்மை மூன்று தடவை கேட்கவேண்டும் என்று எதிர்பார்க்கிறார். அவரை ஊர் கெஞ்ச வேண்டும். அதற்கு எங்கள் தமிழில் இருக்கும் பெயர் பிகு, அடக்கம் இல்லை.

மாமாவிடம் இதைச் சொல்லவில்லை. அத்தை அவளுடைய வழியில் சொல்லிவிட்டாள்.

“நான் கல்யாணமாயி வந்தப்ப, அடக்கமான பொண்ணுன்னு ஊரே சொல்லிச்சி,” என்றாள் முறத்தை எடுத்துக் கீழே வைத்துவிட்டு. “எனக்குக் கொள்ளு ரசம் புடிக்காதுன்னு உங்கம்மாவுக்குக் கடைசி வரைக்கும் தெரியாது. உங்களுக்கே எப்பத் தெரிஞ்சிது? மூணாவது புள்ள பொறந்தப்பறம். எல்லாரும் பிரியப்பட்டு என்னக் கேப்பாங்கன்னு பாத்தேன். யாரும் கேக்கல. ரசத்தக் குடிச்சிகினே இருந்தேன்.”

மாமா சிரிக்கவில்லை. “கேட்டு வாங்குனான்னு பேரு வந்துடும்.”

“வரட்டுமே. பயிருக்குக் காது இருக்குதா?”

“ஒனக்குத் தெரியாது. சாவற வரைக்கும் சொல்லுவானுங்க.”

“நெலத்த வித்தா மட்டும் சொல்ல மாட்டானுங்களா?”

மாமா வெளியே போய்க் கைகால் கழுவிக்கொண்டு வந்தார். பிறகு யாரையும் பார்க்காமல், சுவரைப் பார்த்து, “செய்யறேன்,” என்றார். திருட்டை ஒத்துக்கொள்கிறவன் குரல் போல இருந்தது.

“எதுக்குன்னு துரை கேட்டா?” என்றாள் அத்தை.

அவர் கயிறு திரிக்க உட்கார்ந்துவிட்டார்.

இரண்டாவது கூட்டத்துக்கு நிலம் இல்லாதவர்களும் வந்திருந்தார்கள். சன்னலிலெல்லாம் முகங்கள். கடைமடைக்காரர்கள் ஒரு பக்கம், தலைமடைக்காரர்கள் ஒரு பக்கம். காப்பிக் கடை யோசனை தலைமடைக்கும் போய்ச் சேர்ந்திருந்தது என்பது கடைமடையில் யாருக்கும் தெரியாது. துரை கேட்டார், துபாசி சொன்னார், அவர் வாய் மூடிய அடுத்த நொடியில் இரண்டு பக்கமும் ஒன்றாகத் தொடங்கிவிட்டது.

“எங்க ஆளுதான் இருக்கணும்!” “நீங்க அப்பிடிச் சொல்லக் கூடாது!” “யோவ், எங்காளு இன்னும் மறுக்கவே இல்ல, நீ ஏன்யா அதுக்குள்ள ரெண்டாவது கேக்கற?” “கையப் புடி, கையப் புடிச்சி இழுபா!” கையைப் பிடித்து இழுக்க ஏற்பாடான ஆள் அவசரத்தில் பக்கத்தில் இருந்த இன்னொருவர் கையைப் பிடித்து இழுத்துவிட்டார். அவர் ஒன்றும் புரியாமல் எழுந்து நின்றார்.

துரை மேசையைத் தட்டினார். துபாசியைப் பார்த்து, இவர்கள் எதற்குச் சண்டை போடுகிறார்கள் என்று கேட்டார். துபாசி, இது சண்டை இல்லை என்று மட்டும் சொன்னார்.

சத்தம் அடங்கியது. மாமா எழுந்தார். துண்டு தோளிலேயே இருந்தது. அதை எல்லோரும் கவனித்தார்கள்.

“நான் செய்யறேங்க. எனக்கு வேணும்.”

துபாசி உடனே மொழிபெயர்க்கவில்லை. “இன்னா சொன்னீங்க?” என்றார்.

“வேணும்னு சொன்னேன்.”

துபாசி சொன்னார். துரை பென்சிலைக் கீழே வைத்துவிட்டு முதல் தடவையாக மாமாவை நன்றாகப் பார்த்தார். ஏன் வேண்டும் என்று கேட்டார்.

“என் நெலம் கடைமடையில இருக்குது,” என்றார் மாமா. குரல் பெரிதாக இல்லை, ஆனால் சன்னல் வரைக்கும் கேட்டது. “ரெண்டு போகம் காஞ்சி போச்சி. எனக்குத் தலைவர் வேல கெடச்சா, இந்த வருசம் மேல இருக்கற மடையெல்லாம் அடைச்சிட்டு, கடைசி வயல்லருந்து தண்ணி வுட்டுகினு வருவேன். அதுல என் வயலுக்கும் தண்ணி வரும். அதுக்காவத்தான் கேக்கறேன். அடுத்த வருசம் தலைமடையில ஆரம்பிப்பேன். அப்பிடியே மாத்தி மாத்தி. வாய்க்காலு எங்க ஒழுவுது, எங்க எறங்குதுன்னு எனக்குத் தெரியும். செய்ய முடியும்.”

என் பின்னால் யாரோ, “அட, இவ்ளோத்தயுமா சொல்லுவாங்க?” என்று முணுமுணுத்தார்கள். பதவியைக் கேட்டதைவிட, தன் வயலுக்காகக் கேட்கிறேன் என்றதுதான் அவர்களைத் தூக்கிப் போட்டது. ஊருக்காக என்று சொல்லியிருந்தால் மன்னித்திருப்பார்கள். நான் எழுதிக்கொண்டே இருந்தேன். ஒரு மனிதர் தம் ஆசையை அதன் சரியான அளவில், கூட்டாமல் குறைக்காமல் சொல்வதை அதற்கு முன் நான் கேட்டதில்லை. என் தொழிலில் இருக்கிறவன் அதைக் கேட்டால் அடையாளம் தெரிந்துகொள்ளாமல் இருக்க முடியாது. அடக்கம் என்பதற்கு இன்றைக்கு யாராவது என்னிடம் ஓர் உதாரணம் கேட்டால் அந்தப் பேச்சைத்தான் சொல்வேன். அதில் மிகையாக ஒரு சொல் இல்லை.

வேறு யாருக்காவது வேண்டுமா என்று துரை கேட்டார். தலைமடைப் பெரிய நிலக்காரரை அவருடைய ஆட்கள் முழங்கையால் இடித்தார்கள். அவர் எழுந்தார். துண்டைத் தோளிலிருந்து எடுத்தார், மறுபடி தோளில் போட்டார், மறுபடி எடுத்தார்.

“எனக்குன்னு இல்லீங்க. எல்லாரும் பிரியப்பட்டா...”

துபாசி ஒரு நொடி என் பக்கம் பார்த்தார். பிறகு வார்த்தைக்கு வார்த்தை சொன்னார்: தமக்காக இல்லையாம், எல்லோரும் விரும்பினால்.

“எல்லோரையும் நான் கேட்கவில்லை,” என்றார் துரை. “இவருக்கு வேண்டுமா?”

துபாசி அதைத் தமிழில் சொன்னார். கூடமே பெரிய நிலக்காரரின் வாயைப் பார்த்தது. அவருக்கு வேண்டும் என்பது அங்கே நின்ற குழந்தைக்குக்கூடத் தெரியும். அவர் உதடு அசைந்தது.

“அத நானா எப்பிடிங்க...” என்றார். உட்கார்ந்துவிட்டார்.

ஆட்சேபணை உண்டா என்று துரை கேட்டபோது யாரும் எழுந்திருக்கவில்லை. எழுந்து நின்று ஒருவரைக் குறை சொல்வதும் எங்கள் ஊரில் அடக்கமில்லாத காரியம்தான். முதல் கூட்டத்தில் பதவியை மாமாவுக்கு எட்டாமல் செய்த அதே பழக்கம் இரண்டாவது கூட்டத்தில் அதை அவர் கையில் கொடுத்தது. துரை பெயரை எழுதினார், மாமா கையெழுத்துப் போட்டார், சாவி மேசையிலிருந்து கைக்கு மாறியது.

வெளியே வந்ததும் பெரிய நிலக்காரர் மாமாவுக்குப் பக்கத்தில் நடந்தார். இருவருக்கும் நடுவில் கொஞ்சம் இடைவெளி.

“நீ சொல்லிப்புட்ட,” என்றார். “என்னால முடியல.”

“வியர்த்துடுச்சி எனக்கு,” என்றார் மாமா.

அந்த வருஷம் மழை சுமார்தான். மேல்மடைகளை அடைத்துவிட்டுத் தண்ணீரைக் கடைசி வயல் வரைக்கும் கொண்டுபோனபோது தலைமடைக்காரர்கள் கரையில் நின்று பார்த்தார்கள். திட்டினார்கள், ஆனால் அடைப்பை உடைக்கவில்லை. சொன்னபடி செய்கிறார் என்பது ஒன்று. அடுத்த வருஷம் தங்கள் முறை என்பது இன்னொன்று. மாமாவின் வயலில் கதிர் முற்றியது. நிலம் விற்கும் பேச்சு அந்த வீட்டில் மறுபடி எழவில்லை. அடுத்த வருஷம் தண்ணீர் தலைமடையில் தொடங்கியது. அந்த வருஷம் மாமாவின் நெல் கொஞ்சம் குறைந்தது. அதையும் யார் கேட்டாலும் அப்படியே சொன்னார்.

அவர் பயந்த பெயரும் வந்தது. ‘கேட்டு வாங்குனவரு’ என்றுதான் சந்தையிலும் சாராயக் கடையிலும் அவரைச் சொன்னார்கள். நேரிலும் சொன்னார்கள். “மாமா, அந்தச் சுண்ணாம்ப எடு. வெக்கப்படாத, நீதான் கேட்டு வாங்கறவராச்சே, கேளு, வெத்தலயும் தரேன்.” முதலில் அவர் முகம் சிவந்தது. பிறகு சிவக்கவில்லை. பிறகு அவரே, “ஆமா, வெத்தலையக் குடு,” என்று கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டார். அத்தை அந்த வீட்டில் கொள்ளு ரசம் வைப்பதை எப்போதோ நிறுத்தியிருந்தாள். இப்போது அதைச் சிரித்துக்கொண்டே எல்லோரிடமும் சொன்னாள்.

மாமாவின் பதவிக்காலம் முடிந்தபோது மறுபடி மேரியில் கூட்டம் கூடியது. வேறு துரை, அதே துபாசி. இந்தத் தடவை தலைமடையும் கடைமடையும் முன்கூட்டியே பேசி, மாமாவே இருக்கட்டும் என்று முடிவு செய்திருந்தார்கள். புதுத் துரைக்கு வழக்கத்தை விளக்கி, மூன்று தடவையும் முறையாகக் கேட்க நேரம் கொடுக்கவேண்டும் என்று துபாசியிடம் சொல்லி வைத்திருந்தார்கள். கடைசியாகக் கையைப் பிடித்து இழுக்கும் பொறுப்பைத் தலைமடைப் பெரிய நிலக்காரரே கேட்டு வாங்கிக்கொண்டார்.

கடைமடைக்காரர் ஒருவர் எழுந்து, நிதானமாக, “போன தபா மாதிரி இந்தத் தபாவும் நீங்களே இருக்கணும்னு...” என்று ஆரம்பித்தார்.

“சரி, இருக்கறேன்,” என்றார் மாமா.

கூடம் திகைத்துப்போயிற்று. பாதி எழுந்து நின்ற பெரிய நிலக்காரருக்கு நிஜமாகவே கோபம் வந்துவிட்டது.

“இருய்யா! நான் இன்னும் கேக்கவே இல்ல!”

“கேளு,” என்றார் மாமா. “அதுக்கும் சேத்துத்தான் சரின்னேன்.”